குன்று இருந்தால் சேதம் கூடும் என்று எழுதியது யார்?

கரும்பலகை (இழையைத் தொடங்கியவர்) | வெள்ளி, இரவு 9.12

பள்ளிக்கூடத்தில் முப்பத்தொரு வருடம் இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவன் நான். பொழுது போகாமல் பழைய ஆவணங்களைப் புரட்டுவது உண்டு. இந்த வாரம் படித்த ஒன்று தூக்கத்தைக் கெடுத்துவிட்டது. அதனால்தான் இந்த இழை.

1945 மே 10, 11 தேதிகளில், அமெரிக்கா அணுகுண்டு செய்த லாஸ் அலமோஸ் ஆய்வுக்கூடத்தில், அதன் தலைவர் ஓப்பன்ஹைமரின் அறையில், இலக்குக் குழு கூடியது. ஜப்பானில் எந்த ஊரின் மேல் குண்டைப் போடலாம் என்று பேசுவதற்கு. ராணுவத்தார் இருந்தார்கள், அது எதிர்பார்த்ததுதான். கணித மேதை ஜான் வான் நாய்மன் இருந்தார், பிரிட்டிஷ் விஞ்ஞானி வில்லியம் பென்னி இருந்தார், ஓப்பன்ஹைமரும் இருந்தார். அந்தக் கூட்டக் குறிப்பு இன்றைக்கு யார் வேண்டுமானாலும் படிக்கலாம். கியோட்டோவைப் பற்றி அதில் என்ன இருக்கிறது தெரியுமா? அது அறிவாளிகள் நிறைந்த ஊர், இப்படி ஓர் ஆயுதத்தின் முக்கியத்துவம் அங்கே இருப்பவர்களுக்கு நன்றாகப் புரியும் என்று இருக்கிறது. ஹிரோஷிமாவைப் பற்றிச் சொல்லும்போது, ஊரை ஒட்டிக் குன்றுகள் இருக்கின்றன, அவை வெடிப்பின் விசையைக் குவித்துச் சேதத்தை நன்றாகவே கூட்டக்கூடும் என்கிறது.

குவித்து! குழியாடி ஒளியைக் குவிக்கும் என்று வருடா வருடம் பிள்ளைகளுக்குப் படம் போட்டுக் காட்டியவன் நான். அதே சொல்லை ஓர் ஊரின் மேல் வைத்துப் பார்த்தபோது என்னவோ போலாகிவிட்டது.

குண்டு போட உத்தரவிட்டது அரசு. சரி. ஆனால் குன்றைப் பற்றிய அந்த வரி எந்த ஜனாதிபதிக்கும் தானாகத் தோன்றியிருக்காது. அப்படியானால் அந்த வரிக்கு யார் பொறுப்பு?

ஒரு வேண்டுகோள். பாலைவனத்தில் குண்டைச் சோதித்தபோது ஓப்பன்ஹைமருக்குக் கீதைச் சுலோகம் ஞாபகம் வந்த கதையோடு யாரும் ஆரம்பிக்க வேண்டாம். அது எல்லாருக்கும் தெரியும்.

---

எதிர்க்காற்று | வெள்ளி, இரவு 10.05

ஐயா, எய்தவன் இருக்க அம்பை நோவானேன்?

ஃபேனுக்கு அடியில் உட்கார்ந்துகொண்டு 1945-க்குத் தீர்ப்பு சொல்வது சுலபம். அணுக்கருப் பிளவு 1938 டிசம்பரில் பெர்லினில் கண்டுபிடிக்கப்பட்டது. ஓட்டோ ஹானும் ஸ்ட்ராஸ்மனும் செய்த சோதனை. அடுத்த வருடமே போர். ஹிட்லர் கைக்கு முதலில் குண்டு போய்விட்டால் என்ன ஆகும் என்று பயந்தவர்கள் யார்? ஜெர்மனியிலிருந்தும் ஹங்கேரியிலிருந்தும் உயிர் தப்பி ஓடிவந்த யூத விஞ்ஞானிகள். அவர்கள் சும்மா இருந்திருக்க வேண்டுமா?

இன்னொன்று. 1945 மார்ச் 9-ஆம் தேதி இரவு டோக்கியோவில் தீக்குண்டு போட்டார்கள். ஒரே இரவில் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர் செத்தார்கள். அங்கே அணுவும் இல்லை ஒன்றும் இல்லை. பயன்பட்டது நேப்பாம், ஒட்டிக்கொண்டு எரியும் பசை. அதை உருவாக்கியவர் ஹார்வர்டில் வேதியியல் பேராசிரியராக இருந்த லூயி ஃபீசர். கண்டுபிடித்தவன் என்பதாலேயே அதன் நியாய அநியாயத்தைப் பேச எனக்குத் தனி உரிமை வந்துவிடாது என்கிற மாதிரி அவர் பின்னாளில் சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவரைப் பற்றி யாராவது இழை தொடங்கியிருக்கிறார்களா?

---

நடுநிசி வாசகன் | வெள்ளி, இரவு 11.48

அம்பு பழமொழியைச் சொன்ன நண்பருக்கு ஒரு கதை.

1955 நவம்பர் 22. சோவியத் ஒன்றியத்தின் செமிபலாட்டின்ஸ்க் சோதனைக்களம். இயற்பியலாளர் சகரோவின் குழு செய்த ஹைட்ரஜன் குண்டு வெடித்தது, வெற்றி. ஆனால் அதிர்வில் ஒரு பதுங்கிடம் இடிந்து இரண்டு வயதுப் பெண் குழந்தை இறந்தது. பதுங்குகுழியில் இருந்த ஒரு சிப்பாயும் இறந்தார். அன்று இரவு விருந்து. முதல் வாழ்த்தைச் சொல்லச் சகரோவை அழைத்தார்கள். நம் குண்டுகள் இன்று போலவே எப்போதும் சோதனைக்களத்தின் மேல் வெடிக்கட்டும், ஊர்களின் மேல் ஒருபோதும் வெடிக்காமல் இருக்கட்டும் என்றார். உடனே மார்ஷல் நெடெலின் எழுந்து ஒரு கதை சொன்னார். கொஞ்சம் ஆபாசமானது, இங்கே எழுத முடியாது. சாரம் இதுதான்: நீங்கள் பலத்தை மட்டும் கொடுங்கள், எங்கே செலுத்துவது என்பதை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

அதாவது 'நீ அம்புதான்' என்று விஞ்ஞானியின் முகத்துக்கு நேராகவே சொன்னது ராணுவம். சகரோவ் வெளுத்துப்போனார். அந்தப் பழமொழி எய்தவனுக்கு எவ்வளவு வசதியானது பாருங்கள்.

இதைச் சொல்வதால் சகரோவைச் சாமியாக்குகிறேன் என்று நினைக்க வேண்டாம். 1958-ல் அவர் சோதனைகளிலிருந்து வரும் கதிரியக்கத்தால் ஒவ்வொரு மெகாடன்னுக்கும் (பத்து லட்சம் டன் வெடிமருந்தின் திறன்) எத்தனை ஆயிரம் பேர் சாவார்கள் என்று கணக்குப் போட்டுக் கட்டுரை எழுதினார். போட்டுவிட்டு, 1961-ல் 50 மெகாடன் குண்டு செய்யும் வேலையிலும் இருந்தார். தன் கணக்கைத் தானே பெருக்கிப் பார்த்திருப்பார் அல்லவா? வானத்திலும் கடலிலும் விண்வெளியிலும் சோதனை செய்வதைத் தடுக்கும் 1963 ஒப்பந்தத்துக்கு அவர் உள்ளிருந்து முட்டுக் கொடுத்தார் என்பதும் உண்மை. மனிதர்கள் நேர்கோட்டில் நடப்பதில்லை.

---

சும்மா வந்தவன் | சனி, காலை 6.30

சினிமா பார்த்துவிட்டு வந்து எழுதுகிறீர்கள் என்று நினைத்தேன். இல்லை போலிருக்கிறது. தொடருங்கள், டீ போட்டுக்கொண்டு வருகிறேன்.

---

குறிஞ்சி | சனி, காலை 8.20

கணவரின் வேலை நிமித்தமாக நான்கு வருடம் ஒசாகாவில் இருந்தோம். ஹிரோஷிமா அருங்காட்சியகத்துக்கு இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை பாதியிலேயே வெளியே வந்துவிட்டேன்.

ஒரு பள்ளிப் பையனின் டிபன் பாக்ஸ் அங்கே இருக்கிறது. அம்மா கட்டிக் கொடுத்த சோறு அப்படியே உள்ளேயே கரியாகிவிட்டது. மூடி நெளிந்திருக்கிறது. என் பையனுக்கு அப்போது ஒன்பது வயது. 'அம்மா, அவன் சாப்பிடவே இல்லையா?' என்றான். காலை எட்டே காலுக்கு யார் மதியச் சாப்பாட்டைச் சாப்பிடுவார்கள்.

இன்னொன்று, ஒரு வங்கியின் கருங்கல் படிக்கட்டு. வங்கி திறக்கக் காத்து உட்கார்ந்திருந்த ஒருவர் இருந்த இடம் மட்டும் கருநிழல் போல இருக்கிறது. சுற்றிலும் கல் வெளுத்துவிட்டது.

குண்டு சுமார் 600 மீட்டர் உயரத்தில் வெடித்தது என்று அங்கே பார்த்தேன். ஏன் அந்த உயரம் என்று அப்போதே கேட்க நினைத்தேன். கரும்பலகை ஐயா, நீங்கள் சொல்லுங்கள்.

---

கரும்பலகை | சனி, காலை 9.55

சொல்கிறேன் அம்மா. சொல்லக் கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது, ஏனென்றால் இயற்பியலாக இது அழகான விஷயம்.

குண்டு தரையில் வெடித்தால் சக்தியில் ஒரு பங்கு பள்ளம் தோண்டுவதில் வீணாகும். மேலே வெடித்தால் அதிர்வலை தரையில் மோதித் திரும்பும். திரும்பி வரும் அலை, ஏற்கெனவே சூடான காற்றில் போவதால் வேகமாகப் போய், முன்னால் போகும் அலையை எட்டிப் பிடிக்கும். இரண்டும் ஒன்று சேர்ந்து, தரையை ஒட்டி ஒரே சுவர் போல நகரும். தனி அலையைவிட அதன் அழுத்தம் அதிகம். வீடுகளை இடிக்கப் போதுமான அழுத்தம் மிகப் பெரிய பரப்பில் விழ வேண்டுமானால் எந்த உயரம் வேண்டும் என்று கணக்குப் போட்டார்கள். வான் நாய்மனுக்கு அதில் பெரிய பங்கு உண்டு. நீங்கள் பார்த்த 600 மீட்டர் அந்தக் கணக்கிலிருந்து வந்த எண். 'வீடுகள்' என்பதைக் கவனியுங்கள். கோட்டையை உடைக்கப் போட்ட கணக்கு இல்லை அது.

அந்த ஆண்டு முடிவதற்குள் ஹிரோஷிமாவில் மட்டும் சுமார் 1,40,000 பேர் இறந்தார்கள் என்பது பொதுவாக ஏற்கப்படும் மதிப்பீடு.

எதிர்க்காற்று தம்பிக்கு: ஹிட்லர் பயம் உண்மையான பயம்தான், அதை நான் குறை சொல்லவே இல்லை. ஆனால் அந்தப் பயம் எப்போது செத்தது என்று பாருங்கள். 1944 நவம்பரில் ஸ்ட்ராஸ்பர்கில் ஜெர்மன் விஞ்ஞானி வைஸ்ஸாக்கரின் காகிதங்கள் அமெரிக்கக் குழுவின் கையில் கிடைத்தன. ஜெர்மனியிடம் குண்டு இல்லை, செய்யும் நிலையிலும் இல்லை என்று தெரிந்தது. அந்தக் குழுவின் விஞ்ஞானத் தலைவர் கௌட்ஸ்மிட், அப்பாடா, இனி நம் குண்டையும் பயன்படுத்த வேண்டியதில்லை என்று கூட இருந்த அதிகாரியிடம் சொல்லியிருக்கிறார். அந்த அதிகாரி, இருந்தால் பயன்படுத்துவோம் என்றாராம். 1945 மே மாதம் ஜெர்மனி சரணடைந்தே விட்டது. அந்தக் குன்றுக் கூட்டம் நடந்தது அதற்கு இரண்டு மூன்று நாள் கழித்து! எந்தக் காரணத்துக்காக வந்தார்களோ அதைப் புதைத்தாயிற்று. வேலை மட்டும் முன்னைவிட வேகமாக ஓடியது.

என் கேள்வி அந்த இடத்தில்தான். ஆரம்பித்ததற்கு நான் யாரையும் கூண்டில் ஏற்றவில்லை.

---

எதிர்க்காற்று | சனி, காலை 11.10

பாயிண்ட்டுதான், ஒப்புக்கொள்கிறேன். அப்போது விட்டுவிட்டுப் போயிருக்க வேண்டும் என்கிறீர்களா? போயிருந்தால் குண்டு நின்றிருக்குமா? லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வேலை பார்த்த திட்டம். டென்னசியில் ஓக் ரிட்ஜ் ஆலையில் யுரேனியம் பிரிக்கும் எந்திரத்தின் முன்னால் ஸ்டூலில் உட்கார்ந்து முள்ளைப் பார்த்து குமிழைத் திருப்பியவர்கள் அப்போதுதான் பள்ளிப்படிப்பு முடித்த பெண்கள். எதைச் செய்கிறோம் என்றே அவர்களுக்குச் சொல்லவில்லை. அவர்களும் குற்றவாளிகளா?

---

கரும்பலகை | சனி, மதியம் 12.40

அந்தப் பெண்களுக்குத் தெரியாது. தெரியாதவர்களை விட்டுவிடுவோம். தெரிந்தவர்களில் மனசாட்சியின் பேரில் போனவர் ஒருவர்தான்: ஜோசப் ராட்பிளாட். (லிஸ மைட்னர் உள்ளே வரவே மறுத்தார், அது வேறு. பிளவு என்றால் என்ன என்று விளக்கியதே அவரும் அவர் சகோதரியின் மகன் ஃபிரிஷும்தான். சித்தி குண்டோடு எனக்குச் சம்பந்தம் வேண்டாம் என்றார், பிள்ளை லாஸ் அலமோஸுக்குப் போனார். ஒரே குடும்பம்!)

ராட்பிளாட் வார்ஷாவில் பிறந்தவர். 1939-ல் லிவர்பூலில் பிரிட்டிஷ் இயற்பியலாளர் சாட்விக்கிடம் ஆராய்ச்சி செய்யப் போனார். மனைவியை அழைத்துப்போக அந்தக் கோடையில் ஊருக்கு வந்தார். மனைவிக்குக் குடல்வால் அழற்சி, பயணம் செய்ய முடியவில்லை. நீங்கள் முன்னால் போங்கள், பின்னால் வருகிறேன் என்றார். இவர் புறப்பட்ட சில நாளில் போர் மூண்டது. மனைவியைத் திரும்பப் பார்க்கவே இல்லை. நாஜிகளைப் பற்றி இந்த மனிதருக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

1944 மார்ச்சில் சாட்விக் வீட்டில் சாப்பாட்டு மேசை. திட்டத்தின் தலைவர் ஜெனரல் குரோவ்ஸ் வந்திருக்கிறார். பேச்சோடு பேச்சாக, இந்தக் குண்டின் உண்மையான நோக்கம் ரஷ்யர்களை அடக்கி வைப்பது என்கிறார். ராட்பிளாட்டுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்த ரஷ்யர்கள்தான் அப்போது கிழக்கு முனையில் தினமும் ஆயிரக்கணக்கில் செத்துக்கொண்டிருந்தார்கள். ஜெர்மனியால் குண்டு செய்ய முடியாது என்று தெரிந்ததும் விலகுகிறேன் என்றார். உளவாளி என்று சந்தேகித்தார்கள். 1944 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் கிளம்பினார். ஒரு பெட்டி நிறைய அவருடைய காகிதங்கள். ரயிலில் ஏற்றியது, இறங்கும்போது இல்லை.

பிரிட்டன் திரும்பியதும் அணு இயற்பியலை மருத்துவத்தின் பக்கம் திருப்பினார். 1957-ல் கனடாவின் பக்வாஷ் என்ற மீனவ ஊரில் அமெரிக்க, சோவியத் அணிகள் இரண்டின் விஞ்ஞானிகளும் கூடிப் பேசிய இயக்கத்துக்கு முதுகெலும்பு அவர்தான். 1995-ல் நோபல் அமைதிப் பரிசு.

---

எதிர்க்காற்று | சனி, மதியம் 1.05

நல்ல மனிதர், சந்தேகமே இல்லை. ஆனால் அவர் போனது ஒருவருக்கும் தெரியாதே! உண்மையான காரணத்தைக் கூட இருந்தவர்களிடம் பேசக்கூடாது என்று நிபந்தனை. போலந்தில் இருக்கும் மனைவியைப் பற்றிக் கவலை என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார். விரிவாக எழுதியதே 1985-ல்தான். நாற்பது வருடம்! அவர் போனதால் குண்டு ஒரு மணி நேரமாவது தாமதமாயிற்றா? தன் கையைக் கழுவிக்கொண்டார், அவ்வளவுதான். கைகழுவுவதுதான் பொறுப்பு என்றால் சோப்பு போதும்.

---

நடுநிசி வாசகன் | சனி, மாலை 4.30

கடைசி வரி அதிகப்படி. ஆனால் மௌனமாகப் போனது பற்றிச் சொன்னது சரி. அதனால் போகாமல் இருந்து கத்தியவர்களையும் பார்ப்போம்.

குண்டுத் திட்டத்தின் சிகாகோ ஆய்வுக்கூடத்தில் ஜேம்ஸ் ஃபிராங்க் தலைமையில் ஏழு பேர். 1945 ஜூனில் அறிக்கை எழுதினார்கள்: ஜப்பான் மேல் எச்சரிக்கை இல்லாமல் போடாதீர்கள், ஆளில்லாத இடத்தில் உலக நாடுகளின் முன்னால் வெடித்துக் காட்டுங்கள், இல்லாவிட்டால் ஆயுதப் போட்டி நிச்சயம் என்று. ஃபிராங்கின் பின்னணி சுவாரசியமானது. முதல் உலகப் போரில் ஜெர்மனியின் விஷவாயுப் பிரிவில் வேதியியலாளர் ஹாபரின் கீழ் வேலை பார்த்தவர் அவர். ஆய்வுக்கூடத்தில் செய்தது களத்துக்குப் போனால் என்ன ஆகும் என்று பார்த்தவர். குண்டு தயாரானால், பயன்படுத்தும் முன் என் கருத்தை மேலிடத்தில் சொல்ல வழி வேண்டும் என்று சேரும்போதே கேட்டு வாங்கிக்கொண்டார். வேலையில் சேரும்போதே இப்படி ஒரு நிபந்தனை போட்ட வேறு யாரையாவது உங்களுக்குத் தெரியுமா?

அந்த அறிக்கைக்குப் பதில் சொன்னவர்களும் விஞ்ஞானிகளே. ஓப்பன்ஹைமர், ஃபெர்மி, லாரன்ஸ், காம்ப்டன் நால்வர். ஜூன் 16: போரை முடிக்கும்படியான செயல்முறைக் காட்சி எதையும் எங்களால் சொல்ல முடியவில்லை, நேரடி ராணுவப் பயன்பாட்டுக்கு ஏற்கத்தக்க மாற்று தெரியவில்லை. ஆக, 'முடிவு எடுத்தது அரசு' என்று தள்ளிவிட முடியாது. அரசு கேட்டது, இவர்கள் சொன்னார்கள்.

ஜூலையில் சிகாகோவில் ஒரு வாக்கெடுப்பு நடந்தது. 150 விஞ்ஞானிகள், ஐந்து விருப்பங்கள். ராணுவம் நினைத்தபடி பயன்படுத்தலாம் என்றவர்கள் 15 சதவீதம். ஜப்பானில் ஒரு 'ராணுவச் செயல்விளக்கம்' காட்டிவிட்டு, முழுதாகப் பயன்படுத்தும் முன் சரணடைய மறுபடி வாய்ப்புக் கொடுக்கலாம் என்றவர்கள் 46 சதவீதம். அது ஊரின் மேலா, வெட்டவெளியிலா? வாசகத்தில் தெளிவு இல்லை. வாக்களித்தவர் ஒன்றை நினைத்திருப்பார், மேலே படித்தவர் இன்னொன்றை எடுத்துக்கொள்ள வசதியாக இருந்தது.

அப்புறம் இயற்பியலாளர் சிலார்ட். 1939-ல் ஐன்ஸ்டைனிடம் கையெழுத்து வாங்கி ரூஸ்வெல்ட்டுக்குக் கடிதம் போக வைத்தவர் அவர்தான். 1945 ஜூலை 17-ல் வேண்டாம் வேண்டாம் என்று எழுபது பேரின் கையெழுத்தோடு மனு. தும்பை விட்டு வாலைப் பிடித்த கதை. குரோவ்ஸ் அதை ஆகஸ்ட் 1 வரை தன்னிடமே வைத்திருந்தார். குண்டு விழுவதற்குள் ட்ரூமன் கண்ணில் அது படவே இல்லை. லாஸ் அலமோஸில் கையெழுத்து வாங்க அங்கே இருந்த இயற்பியலாளர் டெல்லருக்குச் சிலார்ட் மனுவை அனுப்பினார். ஓப்பன்ஹைமர் கூடாது என்றார். டெல்லர் பதில் எழுதினார்: என் மனசாட்சி சுத்தமாகும் என்ற நம்பிக்கை எனக்கு இல்லை, நாம் செய்கிற காரியம் அத்தனை பயங்கரமானது என்று. எழுதியவர்தான் பின்னாளில் ஹைட்ரஜன் குண்டின் தகப்பன்.

---

பொட்டல்வெளி | சனி, இரவு 7.15

எல்லாம் அமெரிக்கா, ரஷ்யா என்றே போகிறது. 1998 மே 11 பொக்ரான் அணுகுண்டுச் சோதனையை விட்டுவிட்டீர்களே? கலாம் மேஜர் ஜெனரல் பிருத்விராஜ், சென்னையில் பிறந்த ஆர். சிதம்பரம் மேஜர் ஜெனரல் நட்ராஜ். ராணுவச் சீருடையில் மாற்றுப் பெயரோடு போனார்கள். அன்றைக்கு எங்கள் தெருவில் லட்டு கொடுத்தார்கள். நானும் இரண்டு வாங்கினேன். அந்த இருவரிடமும் இதே கேள்வியைக் கேட்பீர்களா, இல்லை நம்மவர் என்பதால் தள்ளுபடியா?

---

கரும்பலகை | சனி, இரவு 7.50

தள்ளுபடி கிடையாது. ஒரு வித்தியாசம்: அந்தக் குண்டு யார் மேலும் விழவில்லை. அணுகுண்டு வைத்திருந்தால்தான் போர் வராது என்று நம்பிச் செய்தார்கள். அந்த நம்பிக்கை சரியா என்பது தனி இழைக்கான விஷயம். அதே 1998-ல் எதிர்த்துக் கையெழுத்திட்ட இந்திய விஞ்ஞானிகளும் இருந்தார்கள். அவர்களுக்கு யாரும் லட்டு கொடுக்கவில்லை.

---

மென்பொருள் அடிமை | சனி, இரவு 11.20

நான் இயற்பியல்காரன் இல்லை. ஒரு கம்பெனியில் கோடு அடிக்கிறவன். பெயர் வேண்டாம். போன வருடம் கூட்டத்தில் முகத்தை அடையாளம் காணும் ஒரு புராஜெக்ட். திருவிழாவில் காணாமல் போன குழந்தைகளைக் கண்டுபிடிக்க என்றார்கள். உற்சாகமாகச் சேர்ந்தோம். ஆறு மாதத்தில் குழந்தைகள் என்ற பேச்சே மீட்டிங்கில் இல்லை. முகமூடி போட்டிருந்தால் எத்தனை சதவீதம் சரியாக வருகிறது என்பதுதான் பேச்சு. திருவிழாவில் யார் முகமூடி போடுகிறார்கள்?

எனக்கு அது உறைத்தது எப்போது தெரியுமா? ராத்திரி இரண்டு மணிக்குச் சதவீதம் 91-லிருந்து 94-க்கு ஏறியது. பக்கத்து சீட் பையனோடு கைதட்டிக் குதித்தேன். குதித்து முடித்து உட்கார்ந்தபோதுதான்.

வேலையை விடவில்லை. வீட்டுக் கடன் இருக்கிறது. வேறு புராஜெக்ட் கேட்டு மாறிக்கொண்டேன். எதிர்க்காற்று சொன்ன சோப்பு நான்தான்.

---

நடுநிசி வாசகன் | ஞாயிறு, காலை 7.05

அடிமை, உங்கள் கதை எனக்கு லாஸ் அலமோஸில் இருந்த இளம் இயற்பியலாளர் ஃபெய்ன்மனை ஞாபகப்படுத்துகிறது. 1945 ஜூலை 16 சோதனை வெற்றி பெற்றதும் லாஸ் அலமோஸில் ஒரே கொண்டாட்டம், அவர் ஜீப் மேல் உட்கார்ந்து மேளம் தட்டுகிறார். ஒருவர் மட்டும் சோர்ந்து உட்கார்ந்திருக்கிறார்: ராபர்ட் வில்சன். நாம் செய்தது பயங்கரமான காரியம் என்கிறார். ஃபெய்ன்மன், நீதானே ஆரம்பித்தாய், நீதானே எங்களை இழுத்து வந்தாய் என்கிறார்.

பிறகு அதைப் பற்றிப் பேசும்போது ஃபெய்ன்மன் பூசி மெழுகவில்லை. நல்ல காரணத்துக்காகத்தான் ஆரம்பித்தோம், வேலை ருசிக்க ஆரம்பித்ததும் யோசிப்பதை நிறுத்திவிட்டோம் என்ற பொருளில் சொன்னார். ஜெர்மனி தோற்றதும் ஏன் இன்னும் செய்கிறோம் என்று ஒரு நொடிகூட நினைத்துப் பார்க்கவில்லையாம்.

---

எதிர்க்காற்று | ஞாயிறு, காலை 9.30

சோப்பு என்று எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன், அடிமை. ராட்பிளாட் விஷயத்திலும்.

ஆனால் கரும்பலகை ஐயாவை விட மாட்டேன். நேராகக் கேட்கிறேன். 1945 மே மாதம் அந்த அறையில் நீங்கள் இருந்திருந்தால்? எழுந்து வெளியே போயிருப்பீர்களா?

---

கரும்பலகை | ஞாயிறு, மதியம் 2.15

காலையிலிருந்து யோசித்துவிட்டு எழுதுகிறேன்.

இழையின் தொடக்கத்தில் ஒன்றைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். அந்தக் கூட்டக் குறிப்பைப் படித்தது ராத்திரி பதினொரு மணிக்கு. குன்றைப் பற்றிய வரி வந்ததும் என் கை முதலில் பென்சிலைத்தான் தேடியது. நிஜமாகவே குன்று அலையைக் குவிக்குமா? சரிவு எத்தனை டிகிரி இருந்தால்? ஊருக்கும் குன்றுக்கும் எத்தனை தூரம் இருந்தால்? ஒரு பக்கம் முழுக்கப் படம் போட்டுவிட்டேன். வீட்டில் லைட்டை அணைக்கச் சொல்லிக் குரல் வந்தபோது மணி ஒன்று. நடுவில் ஒரு தடவைகூட அந்தச் சரிவுக்குக் கீழே யார் இருந்தார்கள் என்ற நினைப்பு வரவில்லை. தூக்கம் போனது அதற்கப்புறம்தான்.

ஆகையால், இல்லை தம்பி. எழுந்து போயிருக்க மாட்டேன் என்றுதான் நினைக்கிறேன்.

---

குறிஞ்சி | ஞாயிறு, மதியம் 2.40

ஐயா, அந்தத் தாள்?

---

கரும்பலகை | ஞாயிறு, மதியம் 2.52

மேசை மேல்தான் இருக்கிறது. கணக்கு பாதியில் நிற்கிறது.